தறியை நிறுத்திவிட்டு எடுத்த போன்

அம்மாவின் கண்ணைக் காட்டத் திருப்பதிக்குப் போயிருந்தோம். கண்ணாடி தயாராக மூன்று மணி நேரம் ஆகும் என்றார்கள். வெயிலில் எங்கே போய் உட்காருவது? நான்தான் பக்கத்துத் தியேட்டருக்குள் இழுத்துக்கொண்டு போனேன். என்ன கதை என்றுகூடக் கேட்கவில்லை. ஏசி இருந்தால் போதும் எனக்கு.

தெலுங்குப் படம். கொலை செய்துவிட்டு ஊர் ஊராக ஒளிந்து திரிகிறவனின் கதை. என் அண்ணன் ஓடிப்போய் அப்போது இரண்டு வருடம் ஆகியிருந்தது. குடிபாலா அருகே அவன் ஓட்டிய லாரியில் அடிபட்டு ஒருவர் இறந்துபோனார். லாரியையும் தன் செல்போனையும் அங்கேயே விட்டுவிட்டு ஓடியவன்தான். வீட்டுக்குப் போலீஸ்தான் வந்துகொண்டிருந்தது.

"போலாமாம்மா?" என்றேன்.

"இரு. அவன் இன்னா ஆவறான்னு பாத்துட்டுப் போலாம்."

இடைவேளைக்குப் பிறகு அவன் ஏதோ ஓர் ஊரிலிருந்து வீட்டுக்குப் போன் செய்கிறான். தாய் எடுத்து, யார் யார் என்று கேட்கிறாள். இவன் வாயைத் திறக்கவில்லை. அவள் குரலை மட்டும் கேட்டுக்கொண்டு அழுகிறான்.

நான் அம்மாவின் இடுப்பில் இருந்த போனைப் பார்த்தேன்.

நகரியில் எங்கள் வீட்டிலேயே இரண்டு விசைத்தறிகள் உண்டு. அவை ஓடும்போது பக்கத்தில் நின்று கத்தினாலும் காதில் விழாது. இடுப்பில் செருகிய போன் அதிர்ந்தால், தறியை நிறுத்திவிட்டுத்தான் அம்மா பேசுவாள். அண்ணன் ஓடிப்போன வருடம் மதியங்களில் தெரியாத எண் ஒன்றிலிருந்து அடிக்கடி போன் வந்தது. "ஆரு? ஆரு பேசறது?" என்று கேட்டுக்கொண்டே இருப்பாள். பதில் வராது. ஒருநாள் நான் போனைப் பிடுங்கி, "பொறுக்கி நாயே, பொம்பள கொரலு கேக்கணும்னா உங்கம்மாவுக்குப் போன் பண்ணுடா" என்று கத்திவிட்டு, அந்த எண்ணை பிளாக் செய்தேன். அன்று முழுவதும் அதில் பெருமை வேறு.

தியேட்டரிலேயே அம்மாவின் போனை வாங்கி அந்த எண்ணைத் தேடி அழைத்தேன். உபயோகத்தில் இல்லை என்று ஒரு பெண் குரல் தெலுங்கில் சொன்னது. மறுபடி அழைத்தேன். அதையே சொன்னது. அது அண்ணன்தானா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அம்மாவுக்கோ அது அவன்தான் என்பதில் சந்தேகமே இல்லை.

திரும்பி வரும் பஸ் புத்தூரைத் தாண்டியது. அம்மா புதுக் கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள்.

"நீ திட்டனப்போ அவன் போன வெச்சுட்டானா?"

"இல்லம்மா. நான்தான் வெச்சேன்."