டிஸ்க் உள்ள போகுது, கேம் ஏற மாட்டேங்குது

கேம் டிஸ்க் இன்ஸ்டால் ஆகவில்லை என்று என் கடைக்கு வருகிறவர்கள் எல்லாரும் முதலில் சொல்வது, "நேத்து வரைக்கும் நல்லாத்தான் இருந்துச்சு" என்பதுதான். அன்று காலையில் பிரித்த டிஸ்க்கின் பிளாஸ்டிக் உறை அப்போதும் அவர்கள் கையிலேயே இருக்கும்.

தென்காசியிலிருந்து குற்றாலம் போகிற ரோட்டில் சின்னக் கடை. மொபைல், லேப்டாப், வீடியோ கேம் கன்சோல் மூன்றும் பார்க்கிறேன். பாலிடெக்னிக்கில் எலக்ட்ரானிக்ஸ் படித்தவள். உள்ளே வருகிறவர்கள் என்னைப் பார்த்துவிட்டு, எனக்குப் பின்னால் மெக்கானிக் யாராவது இருக்கிறாரா என்று எட்டிப் பார்ப்பார்கள். பின்னால் சுவர்தான் இருக்கிறது. புது டிஸ்க்கைப் போட்டுவிட்டு, திரையில் பாதியில் நின்றுபோன அந்த நீலக் கோட்டை முறைத்துக்கொண்டு நீங்களும் என்றைக்காவது உட்கார்ந்திருப்பீர்கள். அப்படியானால் இதில் வருகிறவர்கள் உங்கள் சொந்தக்காரர்கள்.

வாயைக் காணோம்

ராயகிரியிலிருந்து ஓர் அண்ணாச்சி மகளோடு வந்தார். எலுமிச்சைத் தோட்டக்காரர். மகள் பன்னிரண்டாம் வகுப்பில் நல்ல மார்க் எடுத்ததற்காக வெளியூர்க் கடை ஒன்றில் கன்சோல் வாங்கியிருக்கிறார். கூடவே இரண்டு கேம் டிஸ்க். பெட்டியைத் தூக்கி மேஜையில் வைத்து, "நாலு பக்கமும் தடவிப் பாத்துட்டோம்மா. டிஸ்க்கை எங்கன சொருகதுன்னே தெரியல" என்றார்.

டிஸ்க் டிரைவே இல்லாத மாடல் அது. கேமை இன்டர்நெட்டிலேயே வாங்கி இறக்கிக்கொள்கிறவர்களுக்காகச் செய்தது. இரண்டு மாடல் இருந்ததில் ஒல்லியாக, அழகாக இருந்ததை இவர் கைகாட்டியிருக்கிறார். "நான் அங்கனயே சொன்னேன்பா" என்று மகள் முனகினாள். டிரைவை மட்டும் தனியாக வாங்கிப் பக்கவாட்டில் மாட்டிக்கொள்ளலாம், டிஸ்க் இரண்டும் வீணாகாது என்று விளக்கினேன். கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் பெட்டியை இன்னொரு தடவை திருப்பிப் பார்த்தார்.

"வாயைத் தனியா விக்கானா? யாவாரம்னா இதுல்லா யாவாரம்!"

ஏட்டையாவின் தூசி

ஒரு மத்தியானம் போன் வந்தது. பேசியவர் ஓர் ஏட்டையா. முன்பு மொபைல் சரிபார்க்க வந்தவர். "டிஸ்க்கைப் போட்டா வெளிய துப்புது. மூணு தடவை போட்டேன், மூணு தடவையும் துப்பிட்டு" என்றார். ஸ்டேஷனில் ஆளை நிறுத்தி விசாரிக்கிற குரல். போன் ஸ்பீக்கரில் இருந்தது. பிள்ளைகளின் சத்தமும், "தெரியலைன்னா விடுங்களேன்" என்று அவர் மனைவி சொல்வதும் கேட்டது.

கன்சோலை நிமிர்த்தி வைத்துவிட்டால் டிஸ்க்கின் எந்தப் பக்கம் எங்கே பார்க்க வேண்டும் என்பதில் எல்லாருக்கும் குழப்பம் வரும். இவர் திருப்பிப் போட்டிருக்கிறார் என்பது எனக்குத் தெரிந்துவிட்டது. ஆனால் குடும்பமே கேட்டுக்கொண்டிருக்கும்போது அதை ஏட்டையாவிடம் சொல்ல முடியுமா? "சார், தூசியா இருக்கலாம். டிஸ்க்கை எடுத்து மறுபக்கமாத் திருப்பித் துடைங்க. திருப்பின வாக்குலயே உள்ள விடுங்க" என்றேன். "திருப்பியா?" என்று மட்டும் குரலைத் தாழ்த்திக் கேட்டார். அவருக்குப் புரிந்துவிட்டது என்பது எனக்குப் புரிந்தது. பிறகு, கேம் வந்துட்டு என்று பிள்ளைகள் கத்தினார்கள். ஏட்டையா தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"தூசிதாம்மா. நான் அப்பவே சொன்னேன்."

எண்ணெய்க் கை

குற்றாலத்தில் அருவிக்கரையில் மசாஜ் செய்கிறவர் ஒருவர் எனக்கு வாடிக்கையாளர். ஐம்பது வயது தாண்டியவர். சீசன் முடிந்து ஊர் காலியானதும் வீட்டில் உட்கார்ந்து கால்பந்து கேம் ஆடுவார், நன்றாகவே ஆடுவார். புதிதாக வாங்கிய டிஸ்க் ஒவ்வொரு தடவையும் ஒரே இடத்தில் வந்து நின்றுவிடுகிறது என்று கொண்டுவந்தார். உறையைத் திறந்ததுமே மூலிகை எண்ணெய் வாசனை. டிஸ்க்கின் பளபளப்பான பக்கத்தில் ஐந்து விரலும் வரைந்து வைத்த மாதிரி இருந்தன. நிற்கும்போதெல்லாம் எடுத்துத் தோளில் கிடந்த துண்டால் வட்டமாகத் துடைத்திருக்கிறார். துண்டிலும் அதே எண்ணெய்.

மெல்லிய துணியால் நடுவிலிருந்து ஓரத்தை நோக்கி நேராகத் துடைக்க வேண்டும். நாலைந்து தடவை துடைத்துப் போட்டேன், தடங்கல் இல்லாமல் ஏறியது. இனிமேல் டிஸ்க்கின் ஓரத்தை மட்டும் பிடிக்கும்படி சொல்லி, எப்படி என்று பிடித்தும் காட்டினேன். அவர் தன் உள்ளங்கை இரண்டையும் விரித்துப் பார்த்துக்கொண்டார்.

"ஓரத்தை மட்டுமா? முப்பது வருசமா முழுக்கையையும் வச்சுல்லா பழகிருக்கேன், தாயி."

லாட்ஜ் மேனேஜர்

சாரல் சீசனில் குற்றாலத்து லாட்ஜ் ஒன்றிலிருந்து மேனேஜர் அவசரமாகக் கூப்பிட்டார். விருந்தாளிகளின் பிள்ளைகளுக்காக ஹாலில் ஒரு கன்சோல் வைத்திருக்கிறார்கள். அன்று எந்த டிஸ்க்கைப் போட்டாலும் உள்ளே டிஸ்க்கே இல்லை என்கிறதாம். ராத்திரி ஏசி அறையில் பூட்டி வைத்த கன்சோலை, காலையில் திறந்தவெளி ஹாலுக்குத் தூக்கி வந்திருக்கிறார்கள். ஈரக்காற்று பட்டு உள்ளே லென்ஸில் பனி படிந்துவிட்டது. உலர்ந்த இடத்தில் நாலு மணி நேரம் சும்மா வையுங்கள் என்றேன். சாயங்காலம் மறுபடி கூப்பிட்டார், இன்னும் ஓடவில்லை என்று. எங்கே வைத்தீர்கள் என்று கேட்டால், நல்ல சூடான இடம் என்று சமையல்கட்டில் இட்லிக் கொப்பரைக்குப் பக்கத்தில் வைத்தாராம். அங்கிருந்து எடுத்து அலமாரியில் வைக்கச் சொன்னேன். மறுநாள் காலையில் ஓடியது. நன்றி சொல்லக் கூப்பிட்டபோது மனிதர் இன்னும் படபடப்பாகத்தான் இருந்தார்.

"அருவியில தண்ணி இல்லன்னாக்கூட பொறுத்துக்கிடுதாங்க. இது ஓடலைன்னா ரூமைக் காலி பண்ணுதாங்க மேடம்."

ஆறு நாள்

குத்துக்கல்வலசையிலிருந்து ஒருவர் கன்சோலைத் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு வந்தார். ராணுவத்தில் இருக்கிறார், லீவில் வந்திருந்தார். கூட வந்த மகள் உள்ளே வரவில்லை. வெளியே பைக்கில் சாய்ந்தபடி போனைப் பார்த்துக்கொண்டு நின்றாள். வீடியோ காலில் எப்போதோ மகள் ஒரு கார் பந்தய கேமைப் பற்றிச் சொல்லியிருக்கிறாள். இரண்டு பேர் சேர்ந்து ஆடுகிற கேம். வருகிற வழியில் பெரிய ஊர் ஒன்றில் இறங்கித் தேடி அதை வாங்கி வந்திருக்கிறார். டிஸ்க்கைப் போட்டதும் திரையில் டவுன்லோடு என்று வந்தது. வீட்டு நெட்டின் வேகத்துக்கு ஒன்பது நாள் ஆகும் என்று காட்டியது. "எனக்கு இன்னும் ஆறு நாள்தான் இருக்கு" என்றார். குரலை உயர்த்தவே இல்லை.

இந்தக் கன்சோல்களின் வழக்கமான கோளாறு இது. நெட் இருந்தால் டிஸ்க்கில் இருப்பதை எடுக்காமல் எல்லாவற்றையும் வெளியிலிருந்து இறக்கப் பார்க்கும். பாதி இறங்கியதை அழித்து, நெட்டைத் துண்டித்துவிட்டு, டிஸ்க்கிலிருந்து மட்டும் ஏற்றினேன். நாற்பது நிமிடம் காட்டியது. வெயில் ஏறியதால் மகள் உள்ளே வந்தாள். பெஞ்சின் ஒரு கோடியில் அவர், மறுகோடியில் அவள். "எட்டாவது பாடமெல்லாம் கஷ்டமா இருக்கா?" என்று கேட்டார். "ஒம்பதாவதுப்பா" என்றாள். அவர் திரைப் பக்கம் திரும்பிக்கொண்டார். நான் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கும் அப்போது வேறு எங்கேயும் பார்க்கத் தோன்றவில்லை.

ஏறி முடிந்தது. ஓடுகிறதா என்று பார்க்க ஆள் வேண்டும் என்று கன்ட்ரோலரை ஆளுக்கொன்றாகக் கொடுத்தேன். முதல் பந்தயத்தில் அவருடைய கார் வளைவுக்கு வளைவு சுவரில் மோதியது. மகள் சிரித்துவிட்டாள். இரண்டாவது பந்தயத்தில் எந்தப் பட்டன் பிரேக் என்று சொல்லிக்கொடுத்தாள். மூன்றாவதில் பெஞ்சின் நடுவுக்கு வந்திருந்தாள். என் சாப்பாட்டு நேரம் தாண்டிப் போனது. வீட்டில் நெட்டைச் சேர்த்தால் அப்டேட் கேட்கும், ஆறு நாளைக்கு நெட்டே வேண்டாம் என்று மட்டும் சொல்லி அனுப்பலாம் என்று காத்திருந்தேன். அவர் அடுத்த பந்தயத்துக்கு விறைப்பாக நிமிர்ந்து உட்கார்ந்தார். மகள் அவர் விரல்களை ஒவ்வொன்றாகத் தளர்த்திவிட்டாள்.

"அப்பா, இது துப்பாக்கி இல்ல. மெதுவாப் பிடிங்க."

இடம் போதவில்லை

"புது கேம் ஏற மாட்டேங்குது, இடம் இல்லைன்னு சொல்லுது எக்கா" என்று கீழப்பாவூர்ப் பெண் ஒருத்தி கன்சோலோடு வந்தாள். கணவர் வளைகுடாவில் வேலை பார்க்கிறார், வருஷத்துக்கு ஒரு மாதம் வருவார். கன்சோல் அவருடையது. அவர் இல்லாத பதினோரு மாதமும் அதில் ஆடுவது இவள். சண்டை கேமாக அவர் ஏற்றி வைத்தவை ஒன்பது. இவளுக்கு ஒரே ஒரு சமையல்கார கேம் வேண்டும், அதற்கு இடமில்லை. எதையாவது அழித்தால்தான் உண்டு என்றேன். ஆடிய கணக்கு தனியாகச் சேமிப்பில் இருக்கும், டிஸ்க் கையில் இருப்பதால் அவர் வரும்போது மறுபடி ஏற்றிக்கொள்ளலாம் என்றும் சொன்னேன். எதற்கும் அவரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள் என்றேன்.

அங்கேயே வீடியோ காலில் கூப்பிட்டாள். அவர் அந்தப் பக்கமிருந்து, "அது வேண்டாம், அதுல பாதி முடிச்சிருக்கேன், இதுவும் வேண்டாம்" என்று ஒவ்வொன்றாகக் கெஞ்சினார். போனை என் பக்கம் திருப்பச் சொல்லி என்னிடமும் கெஞ்சினார். அவள் முழுவதையும் பொறுமையாகக் கேட்டாள். பிறகு போனை மேஜைமேல் கவிழ்த்து வைத்துவிட்டு, திரையில் இருப்பதிலேயே பெரிய கேமைத் தொட்டுக் காட்டினாள்.

"இங்கன இருக்கவுகளுக்குத்தான் எக்கா இடம். அழிங்க."

பாகம் பிரித்த பிறகு

செங்கோட்டையில் மரக்கடை வைத்திருந்த அண்ணன் தம்பி இருவர் பாகம் பிரித்துக்கொண்டார்கள். பெரியவர்கள் உட்கார்ந்து வீட்டுச் சாமானைப் பிரித்தபோது கன்சோல் அண்ணனுக்கும், டிஸ்க் நிறைந்த அட்டைப்பெட்டி தம்பிக்கும் போனது. பிரித்தவர்களுக்கு அவை இரண்டும் வேறு வேறு சாமான். இது எனக்கு அண்ணன் சொல்லித்தான் தெரியும். "கேம் பூரா இன்ஸ்டால் ஆகித்தான கெடக்கு? பொறவு எதுக்கு டிஸ்க்கைப் போடு, டிஸ்க்கைப் போடுன்னு கேக்குது?" என்று கேட்டு, ஒரு கிரிக்கெட் கேமுக்காக அவர் கன்சோலைக் கொண்டுவந்தார். டிஸ்க்கில் வாங்கிய கேம் அப்படித்தான். உள்ளே ஏறியிருந்தாலும் ஒவ்வொரு தடவையும் டிஸ்க் இருந்தால்தான் திறக்கும். தம்பியிடம் கேட்டு வாங்கி வாருங்கள் என்றேன். "அவன்கிட்டயா?" என்றவர், கன்சோலை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

இரண்டு வாரம் கழித்துத் தம்பி வந்தார். அந்த டிஸ்க்குகளை லேப்டாப்பில் ஏற்ற முடியுமா என்று கேட்டார். முடியாது என்றேன். "உங்க அண்ணன் வந்திருந்தாரு. ஒரு கிரிக்கெட் கேம் திறக்கலைன்னு சொன்னாரு" என்றும் சொன்னேன். "வேற என்ன சொன்னான்?" என்றார். வேறு ஒன்றும் சொல்லவில்லை என்றேன். டிஸ்க்கில் கீறல் இருக்கிறதா பார்க்க வேண்டும், வியாழக்கிழமை வாருங்கள் என்று அந்த கிரிக்கெட் டிஸ்க்கை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டேன். பிறகு அண்ணனுக்குப் போன் செய்து, கன்சோலை வியாழக்கிழமை கொண்டுவரச் சொன்னேன். டிஸ்க்கில் ஒரு கீறலும் இல்லை. என் தொழிலில் நான் சொன்ன ஒரே பொய் இது என்று சொல்ல மாட்டேன், ஏட்டையாவின் தூசி இருக்கிறது.

இருவரும் வந்தார்கள். ஒருவரை ஒருவர் பார்த்ததும் என்னைத்தான் முறைத்தார்கள். நான் டிஸ்க்கைப் போட்டேன். கேம் திறந்தது. பாகம் பிரிப்பதற்கு முன்னால் பாதியில் விட்ட மேட்ச் அப்படியே இருந்தது, இருவர் பெயரோடும். அண்ணன் பேட்டிங், ஏழு விக்கெட் போயிருந்தது. "தோக்கப் போற நேரமாப் பாத்துதான் பாகம் கேட்டிருக்கான்" என்று தம்பி என்னிடம் சொன்னார். "தோக்கலன்னு அவன்கிட்ட சொல்லுங்க" என்று அண்ணனும் என்னிடமே சொன்னார். டிஸ்க்கை யாரிடம் கொடுப்பது என்று கேட்டேன். தம்பி கையை நீட்டி வாங்கி உறையில் போட்டுச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டார். அண்ணன் முகம் வாடிவிட்டது. கன்சோலைத் தூக்கிக்கொண்டு படி இறங்கினார். தம்பி வாசல் வரை போய்விட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். பேசியது மட்டும் அண்ணன் காதில் விழுகிற அளவுக்குச் சத்தமாக.

"டிஸ்க்கைக் குடுக்க மாட்டேன். வேணும்னா ஞாயித்துக்கிழமை நானே அங்கன வந்து போட்டு, ஆடி முடிச்சதும் எடுத்துட்டு வந்துருவேன்."

இத்தனை வருஷத்தில் நான் சரிசெய்த கோளாறுகளில் பாதி ஒயரைப் பிடுங்கிவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்ததால் சரியானவை, மீதிப் பாதி ஒயரைச் சொருகிவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்ததால்.