திரையில் இறக்க அம்மா தந்த அனுமதி

அண்ணா மறைந்த முப்பத்தோராம் நாளுக்கு வந்திருக்கும் உங்களில் பலர் அவரைத் திரையில்தான் அதிகம் பார்த்திருப்பீர்கள். அதுவும் சில விநாடிகள். அந்த விநாடிகளுக்கு வெளியே வாழ்ந்தவரைப் பற்றி, அவருடைய தங்கை நான் எழுதுகிறேன்.

அண்ணா பருத்தித்துறையில் பிறந்தவர். போர்க்காலத்தில் பாரிஸ் சென்று உணவகமொன்றில் கோப்பை கழுவினார். ஒரு மாலை, பின்கதவருகே நீராவிக்குள் நின்றவரைக் கண்ட இயக்குநர் ஒருவர், அசையாமல் அப்படியே நிற்கச் சொன்னாராம். அன்று தொடங்கி இருபத்தைந்து ஆண்டுகள் பிரெஞ்சுப் படங்களில் நடித்தார்.

எங்கள் நிறத்தவருக்கு அங்கே கிடைத்த வேடங்கள் பெரும்பாலும் முதல் அரைமணி நேரத்திலேயே சுடப்பட்டு முடிபவை. அப்படியொரு படத்தில் அண்ணா பனியில் கண்மூடிக் கிடந்ததை, மொன்றியலில் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் அம்மா பார்த்தார். எழுந்துபோய்த் தலை முழுகினார். அன்று அடுப்பு எரியவில்லை. மறுநாள் பாரிஸுக்குத் தொலைபேசி எடுத்தார்.

"உயிரோடை இருக்கிற பிள்ளைக்குத் தோய்ஞ்சிட்டன். இனி உந்தச் சாகிற வேஷம் வேண்டாம்."

அண்ணா வாக்குக் கொடுத்தார். அதன்பின் பூ விற்பவராக, டாக்ஸிக்காரராக வந்தார். அவர்கள் எல்லோரும் உயிரோடிருந்தார்கள். ஒருவருக்கும் பெயர் இருக்கவில்லை.

ஐம்பத்தெட்டாவது வயதில் பெயருள்ள வேடம் வந்தது. முதன்மை வேடம்: துறைமுகக் காவலாளி. கடைசிக் காட்சியில், மூடுபனிக்குள் மிதக்கும் படகில் இறக்கவேண்டும். அண்ணா கையெழுத்திடாமல் மொன்றியலுக்கு வந்தார். மூன்று நாட்கள் அம்மாவுடன் ஜான்-டலோன் சந்தைக்குப் போய்க் கத்தரிக்காய் வாங்கினார். நாலாம் நாள் அதை நறுக்கிக்கொண்டே சொன்னார்.

"அம்மா, ஒரு படம். பெரிய வேஷம்."

"கடைசியிலை சாகிறதோ?"

"ஓம். ஒருக்காத்தான். ஆனா அவை திருப்பித் திருப்பி எடுப்பினம்."

"உன்ரை அப்பரே ஒருக்காத்தான் செத்தவர். நீ பெரிய ஆள்!"

கத்தரிக்காய் முழுதும் நறுக்கி முடிந்தது.

"சரி, செய். எழும்பின உடனை முகத்தைக் கழுவிப்போட்டு எனக்கு எடு."

அந்தக் காட்சியைப் பதினொரு முறை எடுத்தார்கள். பதினொரு முறையும் எங்கள் வீட்டுத் தொலைபேசி மணி அடித்தது. கரையில் படக்குழு காத்திருந்தது.

படம் வெளிவருமுன்பே நோய் வந்துவிட்டது. கடைசி எட்டு மாதங்கள் அண்ணா மொன்றியலின் அஹுன்ட்சிக் பகுதியில் எங்களுடன் இருந்தார். வலியைப் பற்றி முறையிடவில்லை. யன்னலோரம் இருந்து பனியைப் பார்த்தார். அவரைப் பராமரித்த தாதியருக்கும், வாரந்தோறும் மருத்துவமனைக்குக் கார் ஓடிய பக்கத்து வீட்டாருக்கும், சமைத்துத் தந்த உறவுகளுக்கும் எங்கள் நன்றி.

இன்னுமொருவருக்கும் நன்றி சொல்லவேண்டும். அந்த எட்டு மாதங்களுக்குள் படம் இங்கே திரையிடப்பட்ட நாளில், ஆற்றுக்கு அக்கரையிலுள்ள லொங்குய்யிலிருந்து வந்து அம்மாவைச் சக்கர நாற்காலியோடு திரையரங்கின் படிகளில் தூக்கி ஏற்றிய நண்பர் அவர். அம்மாவின் ஒரு பக்கம் நான், மறுபக்கம் அண்ணா. திரையில் மூடுபனி இறங்கி, படகு தெரிந்ததும், அண்ணா இருட்டில் கையை நீட்டி அம்மாவின் கண்களை மூடினார்.

"கையை எடு, மோனை. நான் பார்க்கவேணும்."

அண்ணா கையை எடுத்தார். அம்மா கடைசிவரை பார்த்தார்.