புளியமரத்துத் தேமல்

கல்பாசி வாங்கப் போனேன், கிடைக்கவில்லை. போன தை மாதம் உத்திரமேரூர் பக்கம் போய்வந்த கதை இது. மரப்பட்டையில் வளரும் பாசி பார்க்க அந்தப் பக்கம் போகிறவர்களுக்கு உதவும்.

காஞ்சிபுரத்தில் எனக்கு மசாலா சாமான் மொத்த வியாபாரம். மலையிலிருந்து வரும் கல்பாசி விலை ஏறிக்கொண்டே போன நேரம். கடைக்கு மிளகாய் போடும் ஒருவர், காவாந்தண்டலம் பக்கம் மல்லிகா என்ற அம்மாவின் புளியமரங்களில் அதே மாதிரி அப்பியிருப்பதாகப் படம் அனுப்பினார். பக்கத்திலேயே சரக்கு என்றால் விடுவேனா? காலை ஆறரைக்குப் பேருந்து. உத்திரமேரூரில் நாஷ்டா நாற்பது ரூபாய். அங்கிருந்து ஆட்டோ முந்நூறு. (ஐந்நூறு கேட்பார்கள்; நடப்பதுபோல் நடந்து காட்டுங்கள், இறங்கி வருவார்கள்.)

ஏரிக்கரையை ஒட்டி மூன்று மரங்கள். இரண்டில் அடிமரம் முழுக்கச் சாம்பல் பச்சையில் சின்னச் சின்ன இலைகள், வட்டம் வட்டமாக. மூன்றாவதைச் சுரண்டிச் சுண்ணாம்பு அடித்திருந்தார்கள்.

கத்தி முனையால் நெம்பினேன். கல்பாசி ஏடாக உரிந்து வரும். இது பட்டையோடு ஒட்டிக்கொண்டு தூளாகத்தான் வந்தது. கசக்கி முகர்ந்தேன். வாசனையே இல்லை. ஒன்றுவிட்ட சொந்தம்தான், ஆனால் குழம்புக்கு ஆகாது.

“கல்பாசி இல்லம்மா” என்றேன்.

“அப்ப அவரு சொன்ன மாதிரி தேமல்தான்” என்று மல்லிகாம்மா, பைக்கில் உட்கார்ந்திருந்த மரவியாபாரியைக் காட்டினார். மூன்று மரத்தையும் வெட்டிக்கொள்ளப் பதினைந்தாயிரம் சொல்லிவிட்டு, பதிலுக்குக் காத்திருந்தார் அவர்.

“நோவு மரம்க்கா. உள்ள பொத்தலா கீது. நான் வுட்டா எவனும் சீண்டமாட்டான்.”

“காய் குத்தகைக்கு எடுக்கறவனும் இத்தப் பாத்துட்டு வேணாம்னு பூட்டான் நைனா” என்றார் மல்லிகாம்மா. “வருசா வருசம் வர்ற காசு. வெட்டிட்டா அதுவும் பூடும். இன்னா பண்றது சொல்லு?”

நிமிர்ந்து பார்த்தேன். கிளை தாழக் காய். பாசி இருந்த இடத்தில் பட்டையை நகத்தால் கீறினேன்; உள்ளே பச்சை. சுரண்டிய மரத்தில்தான் காயம்பட்டு நீர் வடிந்தது.

“மலையில மரத்துக்கு மரம் இது இருக்கும்மா. பட்டைமேல சும்மா குந்தியிருக்கு, மரத்தைத் தின்னாது. சுரண்டினதுதான் தப்பு.”

“சோம்பு விக்கிறவனுக்கு மரத்தப் பத்தி இன்னா தெரியும்?” என்றார் வியாபாரி.

“பொத்த மரத்துக்கு நீங்க எதுக்குப் பதினஞ்சாயிரம் தர்றீங்க?”

மல்லிகாம்மா சிரித்துவிட்டார். பைக் கிளம்பியது.

காயை நானே எடுத்துக்கொள்கிறேன் என்று எட்டாயிரத்துக்குக் கேட்டேன்.

“இப்பதான் மரம் நல்லா கீதுன்னே. அதுக்குள்ள வெலைக்கு நோவு வந்துடுச்சா?”

பத்தாயிரத்துக்கு ஏறினேன்.

போகிறவர்கள் வெயிலுக்கு முன் போங்கள். கரையில் கடை கிடையாது, தண்ணீர் கொண்டுபோங்கள். பாசியைப் பார்க்கலாம், படம் எடுக்கலாம், கத்தி வைக்காதீர்கள். கல்பாசி என்று யாராவது விற்றால் முகர்ந்துவிட்டுக் காசு கொடுங்கள்.

பேசி முடித்தது இது: மூன்று மரத்துக் காய் பன்னிரண்டாயிரம். பாதி அன்றே, மீதி உலுக்கும் நாளில். உலுக்குக் கூலி என்னுடையது. கொட்டை எடுத்த புளி ஐந்து கிலோ மல்லிகாம்மாவுக்கு. மரங்கள் நிற்கும், பாசியும் அப்படியே இருக்கும்.