அப்பள நகரத்துக்கும் பாதாளத்துக்கும் நடந்த போர்

வானத்தில் வாழ்கிறவர்களுக்கும் பூமிக்கு அடியில் வாழ்கிறவர்களுக்கும் பல வருடங்களாக ஒரு போர் நடந்தது. ஞாயிறு மதியங்களில், சிங்கப்பூர் தேக்காவில் ஒரு சாப்பாட்டுக் கடையில், வாழை இலை மேல். பாதாளப் படைக்கு நான் ராஜா. வானப் படைக்கு என் மகள்.

ஆரம்பித்தவள் அவள்தான். நானும் அவள் அம்மாவும் பிரிந்த பிறகு, அவளை என்னோடு அனுப்பிய முதல் ஞாயிறு அது. அவளுக்கு ஏழு வயது. நாலு பேர் கூடினால் சிரிக்க வைக்கிறவன் என்று பேர் வாங்கிய எனக்கு, பெற்ற பிள்ளையிடம் பேச ஒரு வார்த்தை வரவில்லை. "ஸ்கூல் எப்படி இருக்கு?" என்று மறுபடி மறுபடி அதையே கேட்டுக்கொண்டிருந்தேன். அவள் அப்பளத்தை எடுத்துச் சோற்றின் உச்சியில் செருகினாள்.

"இது எங்க ஊரு. வானத்துல இருக்கு. நீங்க சோத்துக்குக் கீழ."

"நான் ஏம்மா கீழ?"

"நீங்கதானே பேஸ்மென்ட்ல வேலை பாக்குறீங்க?"

நியாயம்தான். ஜூரோங்கில் ஒரு கட்டடத்தின் அடித்தளத்தில் தண்ணீர்ப் பம்புகளோடு குடித்தனம் நடத்துகிறவன் நான். அவளோ பூன் லேயில் பதினாறாவது மாடியில் அம்மாவோடு இருந்தாள். எல்லைப் பிரச்சினை அன்றைக்கே தீர்ந்துவிட்டது.

வானத்தவர்களிடம் வெளிச்சம் இருந்தது, தண்ணீர் இல்லை. எங்களிடம் ரசம் என்னும் மகாநதி இருந்தது, வெளிச்சம் இல்லை. அவர்கள் ஊர் காற்றோடு போய்விடாமல் ஒரு சங்கிலி கட்டியிருந்தது. சாம்பாரிலிருந்து எடுத்த முருங்கைக்காய். அதன் அடிமுனை என் ஆட்களின் கையில். அதை அறுக்க அவள் மேகக் குதிரைகள் இறங்கிவரும், நான் ரசத்தைத் திறந்துவிட்டு அத்தனையையும் மூழ்கடிப்பேன். யாரும் ஜெயித்தது கிடையாது. ஜெயித்துவிட்டால் அடுத்த ஞாயிறு என்ன பேசுவது?

போன வருடம் ஒரு நாள் அவள் அம்மா போன் செய்தாள்.

"எனக்கு ஆஸ்திரேலியாவுல, பெர்த்ல வேலை கிடைச்சிருக்கு. பிள்ளையக் கூட்டிட்டுப் போகலாம்னு பாக்குறேன். இல்ல, அப்பாகூட இங்கயே இருக்கேன்னு சொன்னா நான் கட்டாயப்படுத்த மாட்டேன். ஆனா எதுவுமே சொல்ல மாட்டேங்குறா. நீங்க கேட்டுப் பாருங்க."

பயம் வந்தால் சிலர் அழுவார்கள், சிலர் குடிப்பார்கள். நான் திரைச்சீலை வாங்கினேன். கேலாங்கில் நான் வாடகைக்கு இருக்கும் வீட்டின் சின்ன அறைக்கு, ஊதா நிறத்தில். ஏற்கெனவே ஒன்று இருந்தும் இன்னொரு ரைஸ் குக்கர் வாங்கினேன். பெர்த் கடலில் சுறாமீன்கள் உண்டு என்ற தகவலைப் பேச்சுவாக்கில் எப்படி நுழைப்பது என்று பம்புகள் முன்னால் நின்று ஒத்திகை பார்த்தேன். பம்புகள் எதுவும் சொல்லவில்லை.

அந்த ஞாயிறு வந்தது. நேராகக் கேட்கத் தைரியமில்லை. பாதாளத்திலிருந்து ஒரு தூதுவனை அனுப்பினேன்.

"எங்க ராஜா சமாதானம் பேசச் சொன்னாரு. இளவரசி கீழ வந்து தங்கினா தனி ரூம். ஊதாத் திரை. எவ்ளோ நேரம் போன் பாத்தாலும் யாரும் திட்ட மாட்டோம். மேல இருந்தா ஆபத்து. சுறா சுத்துது."

"வானத்துல சுறாவா?"

"பறக்குற சுறா. ரொம்ப மோசம்."

அவள் அப்பளத்தைப் பார்த்துக்கொண்டே கேட்டாள். "அப்பா, உங்க ஆளுங்க ஏன் திடீர்னு இவ்ளோ நல்லவங்களா ஆயிட்டாங்க?"

"திருந்திட்டாங்க."

"அம்மா சொல்லிட்டாங்களா?"

பரிமாறுகிறவர் வாளியோடு வந்து, "சார், சாம்பாரு?" என்றார். "ஊத்துங்க" என்றேன். என் படை முழுவதும் அதில் மூழ்கியது.

மகள் முருங்கைக்காயை விரலால் தள்ளினாள். "காத்து நல்லா அடிக்குதுப்பா. ஊரு நகரலாம். ஆனா சங்கிலிய நாங்க அறுக்க மாட்டோம்."

"இத்தனை வருஷமா அதுக்குத்தானே சண்டை?"

"நாங்க அறுத்தா அது கீழ இருக்கறவங்க மேல விழும். உங்க ஆளுங்களே விடணும்."

அவள் நிமிரவில்லை. பதிமூன்று வயது. அம்மாவிடம் வாய் திறக்காதது இதற்குத்தான். அவளுக்குப் போக ஆசை. நான் 'இரு' என்றால் இருந்துவிடுவாள். முகம் சுளிக்கமாட்டாள், ஊதாத் திரையைக்கூடப் பிடித்திருக்கிறது என்பாள். அந்த ஒரு வார்த்தை என் வாயில்தான் இருந்தது. எதையும் யோசிக்காமல் உளறியே பழகிய வாய். அன்றைக்கு அதை மூடிவைக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்.

முருங்கைக்காயை எடுத்து, மென்று, சக்கையை இலை ஓரத்தில் வைத்தேன். உலகப் போர் வரலாற்றில் இவ்வளவு அசிங்கமான சரணாகதி கிடையாது.

"போய்ட்டு வாங்க. ராஜா உத்தரவு."

"ராஜா ஓகேவா?"

"அவரு ஒரு கிறுக்கரு. எப்பவும் ஓகேதான்."

அவள் பேச ஆரம்பித்தாள். "வீட்டுக்குப் பின்னாடி எலுமிச்சை மரம் இருக்காம்பா. நாய் வளக்கலாமாம். அங்க மாடியெல்லாம் இல்லயாம், எல்லாம் தரைவீடு. ஸ்கூல்ல பெரிய ஃபீல்டு இருக்கு, போட்டோ காட்டவா?" மூச்சு விடாமல் பேசினாள். இவ்வளவையும் எத்தனை நாளாக வயிற்றுக்குள் வைத்திருந்தாளோ. இப்படி அவள் சந்தோஷமாகப் பேசி நான் பார்த்து வெகு காலமாகியிருந்தது.

"நாய்க்கு என்ன பேரு?" என்றேன்.

"ஐயோ, இன்னும் வாங்கவே இல்ல லா!" சிரித்தாள். நானும் சிரித்தேன். கோமாளிக்கு அதுதானே தொழில்.

"இன்னும் சோறு வைக்கவா, சார்?" என்றார் பரிமாறுகிறவர்.

வயிற்றில் இடமில்லை. "வைங்க" என்றேன். எழுந்தால் கை கழுவ வேண்டும். கழுவினால் அவளை ரயில் ஏற்றிவிட ஸ்டேஷனுக்கு நடக்க வேண்டும். அவள் இப்போதுதான் நாய் என்ன நிறம் என்ற இடத்துக்கு வந்திருந்தாள்.