அப்பாவுக்குப் போட்ட இலை

ஆடி அமாவாசைப் படையலை ஐயரின் கண்ணுக்கு முன்னாலேயே அள்ளித் தின்ற பிள்ளை என்று, பிரான்சில் எங்கள் சனம் கூடும் லா ஷபெலில் ஒருத்தி பெயர் எடுத்திருக்கிறாள். அது நான்தான். இப்போதும் கலியாண வீடுகளில் என்னைக் கண்டதும் யாராவது ஒரு மாமி பக்கத்திலிருப்பவரின் காதைக் கடிப்பார். கடிக்கட்டும். அதற்காக நான் இதுவரை ஒருவரிடமும் மன்னிப்புக் கேட்டதில்லை, கேட்கிற எண்ணமும் இல்லை.

அப்போது எனக்குப் பதினொரு வயது. நானும் அம்மாவும் மாமா வீட்டின் கடைசி அறையில் இருந்தோம். மாமா அம்மாவின் கூடப்பிறந்த அண்ணன். உணவகமொன்றில் சமையல் வேலை செய்து, வன்னியிலிருந்து எங்கள் இருவரையும் பிரான்சுக்கு எடுப்பித்தவர். நல்ல மனிதர். நல்ல மனிதர்களோடு உள்ள தொல்லை, அவர்கள் சொல்வதை மறுக்க முடியாது என்பதுதான். மறுத்தால் நாம்தான் கெட்டவர்களாகிவிடுவோம். அந்த வீட்டில் அம்மா வாய்திறந்து எதையும் மறுத்து நான் பார்த்ததில்லை.

ஒன்றில் மட்டும் அம்மா விட்டுக்கொடுக்கவில்லை. சண்டை முடிந்த நாட்களில் சனத்தோடு சனமாக நாங்களும் வெளியே வந்தபோது, சோதனைச் சாவடியில் ராணுவத்தினர் ஆண்களைத் தனியாகப் பிரித்தார்கள். விசாரித்துவிட்டு அனுப்புகிறோம் என்று சொல்லி அப்பாவை பஸ்ஸில் ஏற்றினார்கள். அம்மா தன் கையாலேயே தண்ணீர்ப் போத்தலைக் கொடுத்து ஏற்றிவிட்டார். அந்த பஸ் எங்கே போனது என்று அதன்பிறகு ஒருவரும் சொல்லவில்லை. அம்மா பொட்டை அழிக்கவுமில்லை, தாலியைக் கழற்றவுமில்லை. மரக்கறிக் கடையில் தெரிந்த பெண்கள் அவருடைய நெற்றியைப் பார்த்துவிட்டு அவசரமாக வெண்டிக்காயைப் பார்ப்பார்கள். அம்மா நிமிர்ந்து நின்று, நுனி முறித்துப் பார்த்து வெண்டிக்காய் வாங்குவார். அப்பா வருவார் என்றுதான் அம்மா காத்திருக்கிறார் என்று நான் எடுத்துக்கொண்டேன். பதினொரு வயதில் வேறு எப்படி எடுத்துக்கொள்வது?

அந்த வருடம் கொலேஜில், அதுதான் இங்கத்தைய நடுநிலைப் பள்ளியில், எங்களுக்குக் கிரேக்கப் புராணம் படிப்பித்தார்கள். பிரெஞ்சு வகுப்பு எடுத்த மதாம் குரலை ஏற்றி இறக்கிக் கதை சொல்லுவார். அந்த வீரர்களெல்லாம் எதையாவது தேடிப் போய்க்கொண்டே இருந்தார்கள். ஒருவன் தங்க ஆட்டுத்தோலைத் தேடிக் கப்பலில் போனான். ஒருவன் பாதாளத்தில் இறங்கி, மூன்று தலை நாயைச் சங்கிலியில் கட்டி மேலே இழுத்து வந்தான். இன்னொருவன் பாம்பு கடித்துச் செத்த மனைவியைக் கூட்டிவரப் போய், திரும்பிப் பார்க்காதே என்று அவ்வளவு சொல்லியும் பார்த்துத் தொலைத்தான். அவன்மேல் எனக்கு இன்றைக்கும் கோபம். மற்றப் பிள்ளைகள் நாயைப் பற்றிக் கேட்டார்கள், நான் வழியைப் பற்றிக் கேட்டேன். போனவர் திரும்பி வரலாம் என்பதே எனக்குப் பெரிய செய்தி. எங்கள் லா ஷபெலில் மெத்ரோ ரயில் தலைக்கு மேலே பாலத்தில் ஓடும். பாதாளத்துக்கு இறங்குவதென்றால், ரயில் நிலத்துக்கடியில் ஓடும் கார் து நோர் நிலையம் வரைக்கும் நடக்கவேண்டும் என்று மனதில் கணக்குப் போட்டும் வைத்தேன்.

ஆனால் எனக்கு மிகவும் பிடித்தது வீரர்களில் யாரும் அல்ல, ஒரு தாய். பெயர் தெமெத்தேர், பயிர்களின் தேவி. பாதாளத்து அரசன் அவளுடைய மகளைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். அவள் தீப்பந்தத்தோடு ஊரூராகத் தேடினாள், உண்ணவில்லை, குளிக்கவில்லை. கடைசியில் ஒரு கோயிலில் போய் உட்கார்ந்து, என் பிள்ளையைக் காட்டும்வரைக்கும் உலகத்தில் ஒரு மணி தானியம் முளைக்காது என்று சொல்லிவிட்டாள். தேவர்கள் ஒவ்வொருவராகப் பரிசோடு வந்து கெஞ்சினார்கள். அவள் அசையவில்லை. வேறு வழியில்லாமல் மகளை அனுப்பத்தான் வேண்டியிருந்தது. ஆனால் அந்தப் பெண் கீழே இருக்கும்போது மாதுளை முத்துகள் சிலவற்றை வாயில் போட்டுவிட்டாள். கீழுலகத்துச் சாப்பாட்டைத் தின்றவர் கீழுலகத்துக்குச் சொந்தம். அதனால் ஒவ்வொரு வருடமும் சில மாதங்கள் அவள் அங்கேயே போய் இருக்கவேண்டியதாயிற்று.

அந்தத் தாய் உட்கார்ந்த ஊருக்குப் பெயர் எலெஸிஸ். சனங்கள் விரதமிருந்து, கடலில் குளித்து, வருடா வருடம் அங்கே நடந்து போவார்களாம். பெரிய மண்டபமொன்றின் இருட்டில் அவர்களுக்கு ஏதோ காட்டப்படுமாம். கண்டதை வெளியே சொன்னால் மரணதண்டனை. ஒருவரும் சொல்லாததால் அது என்னவென்று இன்றுவரை தெரியாது என்று மதாம் சொல்ல, வகுப்பே வாயைப் பிளந்தது. நான் கையை உயர்த்தி, எங்களுக்கும் கதிர்காமத்தில் அப்படித்தான், திரை விலகவே விலகாது, உள்ளே இருப்பதை ஒருவருக்கும் காட்டமாட்டார்கள் என்றேன். மதாம் என்னைப் பெயர் சொல்லிப் பாராட்டினார். அன்றோடு கிரேக்கர்களை எங்கள் ஆட்களாகவே சேர்த்துக்கொண்டேன். அவர்களுடைய சட்டம் எங்களுக்கும் செல்லும் என்பதில் எனக்கு ஐயம் இருக்கவில்லை.

கோடை விடுமுறை வந்தது. மாமாவுக்குக் கனவும் வரத் தொடங்கியது.

“மச்சான் வந்து தண்ணி கேக்கிறான். காரியம் செய்யாமல் விட்டால் அந்த உயிர் எங்கை போகும்?” என்று ஒருநாள் சாப்பாட்டு மேசையில் சொன்னார். சொல்லும்போது அவருக்குக் கண் கலங்கியது, அதை நான் மறைக்கப் போவதில்லை. செத்துப்போன தகப்பன்மாருக்கு ஆடி அமாவாசை. அன்றைக்கே எல்லாவற்றையும் செய்து முடித்துவிடுவது என்று அவரே தீர்மானித்தார். மகன் இல்லாதபடியால் நான் தர்ப்பையைத் தொட்டு மாமாவின் கையில் கொடுத்தால் போதும், மிச்சத்தை அவர் செய்வார் என்று மாமி எனக்கு விளக்கினார். அதற்குப் பிறகு அம்மாவின் பொட்டும் தாலியும் என்ன ஆகும் என்பதை ஒருவரும் விளக்கவில்லை. அது எனக்கே தெரிந்திருந்தது. அம்மா மறுக்கப்போகிறார் என்று அவருடைய முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் எழுந்துபோய்க் கோப்பைகளைக் கழுவினார்.

அமாவாசைக்கு முதல் நாள் மாமா அப்பாவின் படத்தைப் பெருப்பித்துக் கொண்டுவந்தார். கலியாணப் படத்தில் வெட்டி எடுத்தது. அப்பாவின் தோளோடு ஒட்டி அம்மாவின் கூறைச்சீலைக் கரை கொஞ்சம் வெட்டுப்படாமல் நின்றது. மாமி அதற்கு மாலை போட்டார். அந்த வீட்டில் மாலை போட்ட படங்கள் எல்லாம் யாருடையவை என்று எனக்குத் தெரியும்.

விடிந்ததும் என்னை முழுகவைத்துப் பட்டுப்பாவாடை கட்டிவிட்டார்கள். மாமி அப்பாவுக்குப் பிடித்ததெல்லாம் சமைத்திருந்தார். வடை, பாயசம், கத்தரிக்காய்ப் பால்கறி, முருங்கைக்காய்க் குழம்பு. ஆடி அமாவாசைக்கென்றே கடைக்கு வரும் காத்தோட்டிக்காயும் இருந்தது. வருடத்தில் அந்த ஒருநாள் மட்டும் சாப்பிடும் கைப்புக் காய் அது. படத்துக்கு முன்னால் தலைவாழை இலையை விரித்து மாமி ஒவ்வொன்றாகப் பரிமாறினார். முதலில் அப்பா வந்து இதைச் சாப்பிடுவார், பிறகுதான் நாங்கள் சாப்பிடுவது என்றார்.

எனக்குச் சட்டென்று விளங்கியது. இது செத்தவர்களுக்கான சாப்பாடு. அப்பா எங்கேயாவது இருக்கிறார், திரும்பி வர வழி தேடிக்கொண்டிருக்கிறார், இவர்கள் கூப்பிட்டு இந்த இலையில் ஒரு வாய் ஊட்டிவிட்டால் முடிந்தது கதை. மாதுளை முத்துச் சிலதுக்கே அந்தப் பாடென்றால், இங்கே பாயசம் வேறு இருக்கிறது. ஒருமுறை படைத்துவிட்டால் நான் என்ன கத்தினாலும் பலனில்லை.

ஐயர் வந்தார். அன்றைக்கு அவருக்கு சென் தெனியிலும் ஒபர்வில்லியேயிலும் வேறு வீடுகள் காத்திருந்ததால் மந்திரம் வேகமாக ஓடியது. மாமா வெறும் மேலோடு பக்கத்தில் இருந்தார். அம்மா குசினி வாசலில் நின்றார், காலையிலிருந்து பச்சைத் தண்ணீரும் குடிக்காமல். ஐயர் என்னைக் கூப்பிட்டு இலைக்கு முன்னால் உட்காரவைத்து, தர்ப்பையை நீட்டினார்.

நான் தர்ப்பையைத் தொடவில்லை. வடையை எடுத்துக் கடித்தேன்.

முதலில் ஒருவருக்கும் விளங்கவில்லை. நான் சோற்றில் கைவைத்துக் குழம்போடு பிசைந்து வாயில் அடைத்தபோதுதான் மாமி, “ஐயோ, எச்சில் பண்ணிப்போட்டாள்!” என்று அலறினார். எச்சில் பட்ட இலையைப் படைக்க முடியாது, அது எனக்கு நன்றாகவே தெரியும், அதனால்தான் ஒன்றையும் மிச்சம் விடாமல் எல்லாவற்றிலும் ஒரு வாய் வைத்தேன். பாயசத்தை விரலால் வழித்தேன். காத்தோட்டிக்காய் நாக்கைச் சுருட்டியது, துப்பாமல் விழுங்கினேன். மாமா என் கையைப் பிடித்து இழுத்தார்.

“உனக்கென்ன பேய் பிடிச்சிட்டுதே? அது கொப்பருக்கு வைச்சதடி!”

“அவர் சாப்பிடக்கூடாது,” என்று வாய் நிறையச் சோற்றோடு கத்தினேன். “சாப்பிட்டால் அவராலை வரேலாது!”

மாமா கையை ஓங்கினார். நான் கண்ணை மூடவில்லை, அவரையே பார்த்துக்கொண்டிருந்தேன். அப்போது அம்மா குசினி வாசலிலிருந்து வந்தார். எனக்கும் மாமாவுக்கும் நடுவே நிலத்தில் உட்கார்ந்தார். நான் கடித்து வைத்த வடையின் மிச்சத்தை எடுத்தார்.

“அண்ணை, எனக்கும் பசிக்குது,” என்றார்.

சாப்பிட்டார். அவசரமே இல்லாமல், அந்த இலையிலிருந்தே, சோறும் கறியுமாக. அவ்வளவு நிதானமாக அம்மா சாப்பிட்டு நான் அதற்கு முன் பார்த்ததில்லை. மாமாவின் கை தானாகக் கீழே இறங்கியது. ஐயர் சற்று நேரம் பொறுத்துப் பார்த்துவிட்டு, தர்ப்பையைப் பையில் வைத்து, அடுத்த வருடம் பார்க்கலாம் என்று பொதுவாகச் சொல்லிப் புறப்பட்டார்.

மாமா எங்களை வெளியே போகச் சொல்லவில்லை. கதைப்பதை நிறுத்தினார், அவ்வளவுதான். சொந்த அண்ணன் முகம் கொடுக்காத வீட்டில் எத்தனை நாள் இருப்பது? கோடை முடிய முதலே நாங்கள் ஒபர்வில்லியேயில், மொத்த வியாபாரக் கிடங்குகளுக்குப் பின்னால் ஒரு அறைக்குப் போய்விட்டோம். மழைக்கு மூலையில் ஒழுகும். அம்மா விடியற்காலையில், ஆட்கள் வேலைக்கு வருமுன் கந்தோர்கள் கூட்டித் துடைக்கும் வேலையோடு பின்னேரத்துக்கும் ஒரு வேலை தேடிக்கொண்டார். எனக்கு அந்த அறை பிடித்திருந்தது. மாலை போட்ட படம் அங்கே ஒன்றும் இல்லை.

ஆனால் சொல்ல வந்தது அந்த அமாவாசைப் பின்னேரத்தைப் பற்றி. வீட்டில் மூச்சு முட்டியதால் அம்மா என்னை அடுத்த மெத்ரோ நிறுத்தமான ஸ்டாலின்கிராட் பக்கம் கால்வாய்த் தண்ணீர்க் கரைக்குக் கூட்டிக்கொண்டு போனார். ஒரு வாங்கில் உட்கார்ந்தோம். நான் வெற்றிக் களிப்பில் இருந்தேன். தெமெத்தேரையும் மகளையும் மாதுளை முத்துகளையும் முதல்முறையாக அவருக்கு விவரமாகச் சொன்னேன், தமிழ் வராத இடத்தில் பிரெஞ்சில் சொன்னேன். அம்மா முழுதையும் கேட்டார். இடையில் ஒருமுறை, “தேவர்மார் வந்து கேட்டும் எழும்பேல்லையோ?” என்று கேட்டார். இல்லை என்றேன். தலையை ஆட்டினார்.

“அப்ப, அப்பா இனி வரலாம்தானே அம்மா?”

அம்மா என் பாவாடையில் ஒட்டியிருந்த சோற்றுப் பருக்கையைத் தட்டிவிட்டார்.

“இல்லையம்மா. அப்பா வரமாட்டார்.”

“அப்ப ஏன் என்னோடை இருந்து சாப்பிட்டனீங்கள்?”

“கொண்டுபோனவன் சொல்லவேணும். எங்கை கொண்டுபோனான், என்ன செய்தான் எண்டு தன்ரை வாயாலை சொல்லவேணும். காரியம் செய்து, அவன் சொல்லாததை அவனுக்காக நான் சொல்லிக்குடுக்க மாட்டன்.”

அதைச் சொல்லும்போது அவருடைய குரலில் அழுகை இல்லை. அதுவே எனக்குப் பொறுக்கவில்லை. வரமாட்டார் என்று இவ்வளவு லேசாகச் சொல்கிறாரே, இவருக்காகவா நான் அந்தக் கைப்பை விழுங்கினேன், மாமாவின் ஓங்கிய கைக்கு முன்னால் இருந்தேன் என்று ஆத்திரம் வந்தது. அம்மா கையை நீட்டினார். நான் பிடிக்கவில்லை. எங்கள் இரண்டு பேரில் நான் ஒருத்திதான் இன்னும் சண்டையில் நிற்கிறேன், அம்மா தோற்றுப்போய்விட்டார் என்று நினைத்துக்கொண்டு, வீடுவரைக்கும் அவருக்கு முன்னால் வேகவேகமாக நடந்தேன்.