ஐஸில் போர்த்திய பொன்னாடை

வெளியில் நல்ல வெயில். தெருவில் ஆட்கள் அரைக்கைச் சட்டையோடு போகிறார்கள். நான் என் மகனுக்குக் கம்பளிச் சட்டை போட்டு, கையுறை மாட்டி, ஹெல்மெட் வாரைத் தாடைக்குக் கீழே பூட்டுகிறேன். பூட்டாவிட்டால் கத்துவான். ஞாயிறு என்றால் அவனுக்கு ஐஸ். இப்போது போக இடமில்லை என்பதை அவனுக்கு விளங்கப்படுத்த எங்களால் முடியவில்லை.

சுதனுக்கு இருபத்திரண்டு வயது. நடக்க மாட்டான். பேச்சும் நாலைந்து சொல்தான். பத்தொன்பது வயது வரை ஸ்கூல் வான் வந்து ஏற்றிப் போனது. பிறகு வரவில்லை. கவுன்சிலில் கேட்டோம். பார்ப்போம் என்றார்கள். வீல்செயரில் யன்னலைப் பார்த்தபடி வீட்டிலேயே இருந்தான். நான் லண்டனில் ஈஸ்ட் ஹாமில் ஒரு கடையில் மீன் வெட்டுகிறவன். ஐஸ் என்றால் எனக்கு மீனுக்கு மேல் அள்ளிப் போடுகிறதுதான். அதன் மேல் ஆட்கள் ஓடி விளையாடுவார்கள், அதைத் தொழிலாகவே செய்வார்கள் என்று இங்கே வந்து கனகாலம் கழித்துத்தான் அறிந்தேன். ரையன் அப்படி ஒருவன். கனடாவிலிருந்து இங்கே ஐஸ் ஹாக்கி விளையாட வந்தவன். தன் ஓய்வு நாளில், ஞாயிறு காலையில், வீல்செயர்காரரை அந்த ஐஸ் மைதானத்தில் இறக்கித் தள்ளிக்கொண்டு போகிறான் என்று ஒரு நேர்ஸ் சொன்னாள். கொண்டு போனோம். முதல் சுற்றில் சுதன் பெரிதாகக் கத்தினான். பயந்துவிட்டான் என்று நான் தடுப்பைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தேன். அவன் சிரிக்கிறான். அவன் அப்படிச் சிரித்து நாங்கள் கேட்டதில்லை.

கடையில் என்னோடு நிற்கிற யோகன் அண்ணைக்குச் சொன்னேன். "ஐஸிலை மீனைக் கிடத்துவாங்கள். நீ ஏனடா பிள்ளையைக் கொண்டுபோய்க் கிடத்திறாய்?" என்றார். போனில் எடுத்த வீடியோவைக் காட்டினேன். கையைத் துடைத்துவிட்டு வாங்கிப் பார்த்தார். திரும்பவும் ஒருக்கால் போடச் சொன்னார். அதற்குப் பிறகு அவர் பகிடி விடவில்லை.

ஊரில் எங்கள் ஒழுங்கையில் ஒரு வீட்டில் இப்படி ஒருவர் இருந்தார். ஆட்கள் வந்தால் பின்னறைக் கதவைச் சாத்துவார்கள். உள்ளே சத்தம் கேட்கும். கேட்காதது போல நாங்கள் தேத்தண்ணீர் குடிப்போம். சண்டையில் எல்லோரும் இடம்பெயர்ந்த அன்றுதான் அவரை வெளிச்சத்தில் கண்டேன். சைக்கிள் கரியரில் சாரத்தால் கட்டி வைத்து உருட்டிக்கொண்டு போனார்கள். அவர் வானத்தையே பார்த்துக்கொண்டு போனார். சுதன் ஐஸில் சுற்றுகிறபோதெல்லாம் அவர் நினைவு வரும். என் பிள்ளை தப்பிவிட்டான் என்று நினைப்பேன்.

இந்த விளையாட்டில் கோல் அடிக்கிறவருக்கு மட்டுமல்ல, சனங்களுக்குச் சேவை செய்கிற வீரருக்கும் வருடாவருடம் ஒரு விருது உண்டாம். போன வருடம் அது ரையனுக்குக் கிடைத்தது. சுதனோடு எங்களையும் விழாவுக்கு வரச் சொன்னார்கள். நான் ஹை ஸ்ட்ரீட் சேலைக் கடையில் ஒரு பொன்னாடை வாங்கினேன். சிவப்பு, சரிகைக்கரை.

"வெள்ளைக்காரனுக்கு உது என்னெண்டு விளங்குமே?" என்றாள் என் மனைவி பவானி.

"விளங்காட்டிப் பரவாயில்லை. எங்களுக்கு விளங்கும்தானே."

ஐஸின் நடுவில் கம்பளம் விரித்திருந்தார்கள். ரையன் விருதைக் கையில் வைத்துக்கொண்டு பேசினான். பாதி எனக்கு விளங்கவில்லை. ஆட்கள் எழும்பி நின்று கைதட்டினார்கள். சிலர் கண்ணைத் துடைத்தார்கள். பவானி தட்டவில்லை. என்ன என்று கேட்டேன்.

"போறானாம். கொன்ட்ராக்ட் முடிஞ்சுதாம். கனடாவுக்கே திரும்பிப் போறானாம்."

அதற்குள் எங்கள் பெயரைக் கூப்பிட்டுவிட்டார்கள். ஊரில் மாற்றலாகிப் போகிற அதிபருக்கும் பொன்னாடைதான் போர்த்துவோம். அது அப்போதுதான் நினைவில் வந்தது. விரித்துக்கொண்டு கிட்டப் போனேன். ரையன் நெடுவல். சறுக்குச் சப்பாத்தோடு இன்னும் உயரம். கையை உயர்த்தினேன். அவன் சிரித்துக்கொண்டு அதை வாங்கினான். குனிந்து, சுதனின் தோளைச் சுற்றிப் போர்த்தி, கழுத்தடியில் செருகிவிட்டான். பிள்ளைக்குக் குளிரும் என்று கொண்டு வந்தேன் என நினைத்திருக்கிறான். என்னைப் பார்த்து ஏதோ கேட்டான். இங்கிலீஷில் விளங்காத கேள்விக்கெல்லாம் நான் யெஸ் சொல்லிப் பழகியவன். யெஸ் என்றேன். திரும்பவும் கைதட்டினார்கள். படம் எடுத்தார்கள். மைக்கை என் வாய்க்குக் கிட்ட நீட்டினார்கள். அடுத்த ஞாயிறு யார் வருவது என்று கேட்க வேண்டும் போலிருந்தது. தேங்க் யூ என்றேன்.

முடிந்த பிறகு அவர்களுடைய டீம் மனேஜரைப் பிடித்துப் பவானி கேட்டாள். அது ரையன் தன் விருப்பத்துக்குச் செய்ததாம். வேறொரு வீரர் முன்வந்தால் பார்ப்போம் என்றார். அகதி கேஸ் காலத்திலிருந்து அந்தச் சொல்லை நான் கேட்டுக்கொண்டு வருகிறேன். ரையனில் எனக்குக் கோபமில்லை. அவனும் பிழைக்க வந்தவன். அங்கே அவனுக்கும் ஒரு தாய் இருக்கிறாள். போகும்போது சுதனின் தலையைத் தன் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு கனநேரம் நின்றான். அவனுக்கும் போக மனமில்லைப் போல. போனான்.

குளிர் தொடங்கியபோது ஒருநாள் சுதனைத் திரும்பவும் ஐஸ் மைதானத்துக்குக் கொண்டு போனோம். வாசல் சுவரில் அந்தப் படம் பெரிதாகத் தொங்குகிறது. ரையன் கையில் விருது, பக்கத்தில் பொன்னாடையோடு சுதன். கதவடியில் வேலைக்கு நின்ற பெண்பிள்ளைக்குச் சுதனை உடனே அடையாளம் தெரிந்துவிட்டது. சந்தோஷப்பட்டு மற்றப் பிள்ளையையும் கூப்பிட்டுக் காட்டினாள். ஆனால் பழக்கப்பட்ட ஆள் இல்லாமல் வீல்செயரை ஐஸில் இறக்க ஏலாதாம். நானே தள்ளுகிறேன் என்றேன். ஏலாது என்று மெதுவாகத் தலையை ஆட்டினாள். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நிறுத்தி வைத்தோம். உள்ளே சனம் சறுக்கியது. ரையன் வழமையாக வருகிற வாசலையே சுதன் பார்த்துக்கொண்டிருந்தான். ஆர் ஆரோ வந்தார்கள். "கொண்டு போவம், காணும்," என்றாள் பவானி.

இன்றைக்கு ஹெல்மெட்டைப் பூட்டிய பிறகு கதிரையில் கிடந்த பொன்னாடையைக் கையால் காட்டுகிறான். அதையும் போர்த்திவிடுகிறேன். சரிகை பிய்ந்துவிட்டது. எடுத்து வைக்கப் போனால் கையைத் தட்டிவிடுவான். வீல்செயரை வாசலுக்கு உருட்டுகிறேன். அங்கே அந்தச் சுவரில் அவன் ஐஸின் நடுவில் சிரித்துக்கொண்டிருக்கிறான். இங்கே வெயிலில், கையுறையோடு, தெருவைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். நெற்றியில் வேர்வை ஓடுகிறது. ஹெல்மெட்டுக்குள் விரலை விட்டுத் துடைத்துவிடுகிறேன்.