ஹீட் மேட்டின் பிளக்

என் மகள் ஒன்பது வயதில் வளர்த்தது, ஒரு சாண் நீளமுள்ள புள்ளிக் கெக்கோ. நம் ஊரில் சுவரில் திரியும் பல்லியின் இனம்தானே, அதற்கென்று தனியாக என்ன வேண்டும் என்று நினைத்திருந்தேன். அவளோ கண்ணாடித் தொட்டியின் ஒரு பக்கத்தில், அடியில், ஹீட் மேட் என்ற மின்சூட்டு விரிப்பை எப்போதும் ஓடவிட்டிருந்தாள். தின்று முடித்ததும் அது அந்தச் சூட்டில் வயிற்றைப் பதித்துக் கிடக்கும். அப்போதுதான் செரிக்கும் என்பாள். எனக்கு அது குழந்தை கொடுக்கும் செல்லமாகவே பட்டது.

டிசம்பர் விடுமுறைக்கு நியூ ஜெர்சியிலிருந்து நான்கு நாள், டெக்சாஸில் உள்ள தங்கை வீட்டுக்குப் புறப்பட்டோம். பட்டினி கிடக்குமே என்று இரண்டு மடங்கு புழு போடச் சொன்னவள் நான்தான். கணவர் வீட்டைச் சூடாக்கும் ஹீட்டரைக் குறைத்தார். ஊருக்குக் கிளம்புமுன் அறை அறையாகச் சென்று பிளக்குகளைப் பிடுங்குவது என் பிறந்த வீட்டுப் பழக்கம். டிவி, இஸ்திரிப் பெட்டி, கடைசியாக அந்த மேட். நான்கு நாளில் என்ன ஆகிவிடும் என்று எண்ணியது நன்றாக நினைவிருக்கிறது. மறதி என்று சொல்லிக்கொள்ள வழியில்லை.

திரும்பியபோது அது நிறம் கறுத்து மூலையில் ஒடுங்கிக் கிடந்தது. தொட்டுப் பார்த்த மகள் கையை இழுத்துக்கொண்டாள். கரண்ட் போயிருக்கும் என்று கணவர் சமாதானம் சொன்னார். நான் மறுக்கவில்லை; அவர்கள் பார்க்காதபோது பிளக்கைத் திரும்பச் செருகினேன்.

மறுநாள் செரிக்காத புழுக்களைக் கக்கியது. குளிரில் உடல் இயக்கமே நின்றுபோனதால் தின்றதெல்லாம் வயிற்றிலேயே அழுகியிருக்கிறது என்று கால்நடை மருத்துவர் என்னைத் தனியே அழைத்துச் சொன்னார். வலித்திருக்குமா என்று கேட்டேன். நிச்சயமாக என்றார். மூன்றாம் நாள் பிற்பகல், அவருடைய மேசையிலேயே அது இறந்தது.

காரில் ஏறியதும் மகள் ஆங்கிலத்தில் கேட்டாள்: கரண்ட் போயிருந்தால் மின்அடுப்பிலுள்ள கடிகாரம் பன்னிரண்டுக்குத் திரும்பியிருக்குமே, அது ஏன் சரியான மணி காட்டியது? பொய்யை அவள் இரண்டு நாளாகச் சோதித்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

"நான்தான்டா பிளக்கை எடுத்தேன். தெரிஞ்சேதான் எடுத்தேன்."

அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். பிறகு, அரிதாகவே பேசும் தமிழில், "அதுக்கு வலிச்சுதாம்மா?" என்றாள்.

"தெரியலை" என்றேன்.